வொகேஷனல் குரூப் மாணவரும் நுழைவுத் தேர்வு விதியும்: நீதிமன்றம் எங்கே கைகொடுக்கும்?

எங்கள் தெருப் பெண் ஒருத்தி போன மாசியில் மார்க் ஷீட்டும் செல்போனுமாக வீட்டுக்கு வந்தாள். பன்னிரண்டாம் வகுப்பில் வொகேஷனல் குரூப், அதாவது தொழிற்கல்விப் பிரிவு, அதில் நர்சிங் படித்து முடித்தவள். "அண்ணா, நீட் அப்ளிகேஷன் போட்டுக் குடுங்க" என்றாள். பெயர், முகவரி, புகைப்படம் எல்லாம் ஏறின. தகுதித் தேர்வுக்கான குறியீட்டைத் தேர்ந்தெடுக்கச் சொல்லும் இடத்தில் நின்றுவிட்டோம். ஒவ்வொரு குறியீட்டுக்கும் எதிரே ஒரு விளக்கம் இருக்கும். அவளைப் போல பன்னிரண்டாம் வகுப்பை முடித்தவர்களுக்கான விளக்கத்தில் இயற்பியல், வேதியியல், உயிரியல் மூன்றும் செய்முறையோடு படித்திருக்க வேண்டும் என்று இருந்தது. அவள் மார்க் ஷீட்டில் நர்சிங் தியரி இருந்தது, நர்சிங் பிராக்டிக்கல் இருந்தது. அந்த மூன்றும் சேர்ந்து இல்லை.

பையிலிருந்து ரெக்கார்டு நோட்டை எடுத்துக் காட்டினாள். மருத்துவமனைப் பயிற்சிக்குப் போனபோது எழுதியது. படுக்கை விரிக்கும் முறை, நாடித்துடிப்பு எண்ணுவது, காய்ச்சல் அட்டவணையில் புள்ளி வைத்துக் கோடு இழுப்பது என்று பக்கம் பக்கமாக அழகான கையெழுத்து. "வொகேஷனல் படிச்சவங்க எழுதக் கூடாதுன்னு எங்கயும் போடலையேண்ணா" என்றாள்.

அவள் சொன்னது உண்மை. அப்படி எங்கேயும் போட்டிருக்காது. இந்தக் கட்டுரைக்குக் காரணமே அந்த ஒரு வாக்கியம்தான். தொழிற்கல்வி மாணவரைப் பெயர் சொல்லி எந்த விதியும் விலக்குவதில்லை. எந்தப் பாடம் படித்திருக்க வேண்டும், எந்த மதிப்பெண்ணை எப்படிக் கூட்ட வேண்டும் என்ற வரிகள் அந்த வேலையைச் செய்துவிடுகின்றன. அத்தகைய வரியை நீதிமன்றத்தில் எதிர்க்க முடியுமா, முடிந்தால் எதைச் சொல்லி எதிர்க்கலாம் என்பதைச் சட்டம் படிக்காதவர்களுக்கும் புரியும்படி சொல்ல முயல்கிறேன்.

முதலில் இந்தப் பிரிவைப் பற்றிக் கொஞ்சம். தமிழ்நாட்டில் 1978இல் மேல்நிலைக் கல்வி பள்ளிக்கு வந்தபோதே தொழிற்கல்விப் பிரிவும் சேர்ந்து வந்தது. பன்னிரண்டாம் வகுப்போடு ஒரு கைத்தொழிலும் கற்றுக்கொடுத்துவிட வேண்டும் என்பதுதான் நோக்கம். 1986 தேசியக் கல்விக் கொள்கை இன்னும் மேலே போய், மேல்நிலை மாணவர்களில் 25 சதவீதம் பேரை 1995க்குள் தொழிற்கல்விக்குக் கொண்டுவருவதை இலக்காக வைத்தது. அடிப்படை இயந்திரவியல், மின் பொறியியல், வேளாண் அறிவியல், நெசவுத் தொழில்நுட்பம், செவிலியம், அலுவலக மேலாண்மை என்று பிரிவுகள் வளர்ந்தன. பத்தாம் வகுப்பில் மார்க் குறைந்த பிள்ளைகளை அங்கே தள்ளிவிடும் பழக்கமும் கூடவே வளர்ந்தது. பதினைந்து வயதில், பல நேரம் வேறொருவர் எடுத்துக்கொடுத்த முடிவு, பதினேழு வயதில் நுழைவுத் தேர்வு விண்ணப்பத்தில் வந்து வழியை மறிக்கிறது. என்னை மிகவும் வருத்துவது இதுதான்.

ஆனால் எல்லாப் படிப்பும் இப்படி மறிப்பதில்லை. தமிழ்நாட்டின் பொறியியல் சேர்க்கை நல்ல எடுத்துக்காட்டு. சயின்ஸ் குரூப் மாணவருக்குக் கட் ஆஃப் 200. அதில் கணிதம் 100, இயற்பியல் 50, வேதியியல் 50. தொழிற்கல்வி மாணவருக்கு வேறு கணக்கு உண்டு. தொடர்புடைய ஒரு பாடத்துக்கு 100, தொழிற்பாடத்தின் தியரிக்கும் பிராக்டிக்கலுக்கும் சேர்த்து 100. தனித் தரவரிசை, தனி ஒதுக்கீடு. தொழில்நுட்பக் கல்விக்கு விதி வகுக்கும் ஒன்றிய அமைப்பான ஏ.ஐ.சி.டி.இ. 2021-22இல் வெளியிட்ட கையேடும் பொறியியலில் சேர ஏற்கத்தக்க பாடங்களின் பட்டியலில் தொழில்நுட்பத் தொழிற்பாடத்தைச் சேர்த்திருந்தது. என்.ஐ.டி.களில் பி.டெக். சேர இயற்பியலும் கணிதமும் கட்டாயம் என்றாலும், வேதியியலின் இடத்தில் தொழில்நுட்பத் தொழிற்பாடம் இருக்கலாம். ஐ.ஐ.டி.யில் அந்தச் சலுகை கிடையாது, அங்கே வேதியியல் வேண்டும். ஒரே நாடு, ஒரே பட்டம், ஒரே மாணவர். ஒரு விதி உள்ளே விடுகிறது, இன்னொன்று தடுக்கிறது. விதியை எழுதியவர் யார் என்பதைப் பொறுத்து எல்லாம் மாறுகிறது.

அதனால் வழக்கு என்று போனால் முதலில் எழும் கேள்வியும் அதுதான்: இந்த விதியை எழுத இவருக்கு அதிகாரம் உண்டா?

கல்வி முன்பு மாநிலங்கள் சட்டம் இயற்றும் மாநிலப் பட்டியலில் இருந்தது. 1976இல் நிறைவேறிய அரசியலமைப்பின் 42ஆவது திருத்தம் அதை ஒன்றியமும் மாநிலமும் சட்டம் இயற்றக்கூடிய பொதுப் பட்டியலுக்கு மாற்றியது. உயர்கல்வியின் தரத்தை நிர்ணயிப்பது மட்டும் தொடக்கத்திலிருந்தே ஒன்றியப் பட்டியலின் 66ஆவது பதிவில் இருக்கிறது. நுழைவுத் தேர்வு என்பது சேர்க்கையா, தரமா? சேர்க்கை என்றால் மாநிலமும் பேசலாம். தரம் என்றால் ஒன்றியம் சொல்வதே முடிவு. கடந்த 20 ஆண்டுகளின் பெரிய வழக்குகள் பெரும்பாலும் இந்த ஒரு முடிச்சைச் சுற்றித்தான் நடந்தன.

தமிழ்நாட்டின் அனுபவத்தைப் பார்த்தால் இது எளிதாக விளங்கும். 1984இல் மருத்துவம், பொறியியல் போன்ற பட்டப் படிப்புகளுக்கு நுழைவுத் தேர்வு வந்தது. இருபது ஆண்டுகளில் கோச்சிங் சென்டர்கள் பெருகின, கிராமத்துப் பிள்ளைகள் பின்தங்கினர் என்ற குரலும் வலுத்தது. 2005 ஜூனில் அரசு ஓர் அரசாணை போட்டு அதை நீக்கியது. அதே மாதத்தில் சென்னை உயர்நீதிமன்றம் அரசாணையை ரத்து செய்தது. சரி, அரசாணை போதாது, சட்டமே வேண்டும் என்று 2006 தொடக்கத்தில் சட்டம் கொண்டுவந்தார்கள். பிப்ரவரியில் அதுவும் விழுந்தது. மத்திய அமைப்புகளின் விதிகளோடு மோதும் ஒரு சட்டம் மாநிலத்தின் கையெழுத்தோடு மட்டும் நிற்க முடியாது.

மூன்றாவது முயற்சியில் பாதை மாறியது. ஆட்சி மாறிய பிறகு கல்வியாளர் மு. ஆனந்தகிருஷ்ணன் தலைமையில் குழு அமைத்து, அதன் பரிந்துரையின் பேரில் சட்டம் இயற்றினார்கள். மாநிலச் சட்டம் ஒன்றியச் சட்டத்தோடு முரண்பட்டாலும், குடியரசுத் தலைவர் ஒப்புதல் தந்தால் அந்த மாநிலத்தில் மாநிலச் சட்டமே செல்லும் என்கிறது அரசியலமைப்பின் 254(2). அந்த ஒப்புதல் 2007 மார்ச்சில் கிடைத்தது. ஏப்ரலில் உயர்நீதிமன்றம் சட்டம் செல்லும் என்றது. வெவ்வேறு போர்டு மாணவர்களின் மதிப்பெண்ணை எப்படி ஒப்பிடுவது என்ற சிக்கலுக்கும் சட்டத்திலேயே வழி இருந்தது. ஒவ்வொரு போர்டிலும் ஒரு பாடத்தில் எடுக்கப்பட்ட அதிகபட்ச மதிப்பெண்ணை மாநில போர்டின் அதிகபட்சத்துக்குச் சமமாக வைத்து, மற்றவற்றை அதே விகிதத்தில் கணக்கிட வேண்டும்.

மூன்று முறையும் நோக்கம் ஒன்றே. இரண்டு முறை தோற்று ஒரு முறை வென்றதற்கு நோக்கத்தின் நல்லது கெட்டது காரணமில்லை. எந்த வழியாக விதி வந்தது என்பதே காரணம். வழக்குகளைப் புதிதாகப் படிப்பவர்கள் இதை மனதில் இருத்திக்கொண்டால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

மருத்துவத்தில் அந்தப் பாதை அடைபட்டது. 2013 ஜூலையில் உச்ச நீதிமன்றம் இரண்டுக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் நீட் செல்லாது என்றது. 2016 ஏப்ரலில் அந்தத் தீர்ப்பையே திரும்பப் பெற்றுக்கொண்டது. அதே ஆண்டு நாடாளுமன்றம் மருத்துவக் கவுன்சில் சட்டத்தில் 10டி பிரிவைச் சேர்த்து நீட்டைச் சட்டமாக்கியது. விலக்குக் கேட்டு 2017இலும் 2021இலும் தமிழ்நாடு மசோதாக்களை நிறைவேற்றி, 2007இல் திறந்த அதே 254(2) கதவைத் தட்டியது. இரண்டு முறையும் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் கிடைக்கவில்லை.

அதிகாரக் கேள்வியைத் தாண்டினால் சமத்துவக் கேள்வி. அரசியலமைப்பின் 14ஆவது பிரிவு, எல்லோரையும் ஒரே மாதிரி நடத்து என்று மட்டும் சொல்வதில்லை. பிரிக்கலாம், ஆனால் இரண்டு விஷயம் வேண்டும் என்கிறது நீதிமன்றம். பிரிவுக்குப் புரியும்படியான அடிப்படை இருக்க வேண்டும். அந்த அடிப்படைக்கும் விதியின் நோக்கத்துக்கும் நேரடித் தொடர்பு இருக்க வேண்டும்.

நம் பெண்ணின் நிலையை இந்த அளவுகோலில் வைத்துப் பாருங்கள். டாக்டருக்குப் படிக்க உயிரியலும் வேதியியலும் தெரிந்திருக்க வேண்டும் என்பதில் நியாயம் இல்லையென்று எந்த நீதிபதியும் சொல்ல மாட்டார். பாடத்துக்கும் படிப்புக்கும் தொடர்பு தெளிவாக இருக்கிறது. பாடத் தகுதியை நிர்ணயிப்பது கல்வி வல்லுநர்களின் வேலை, நாங்கள் அதில் கை வைக்க மாட்டோம் என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. ஆகவே "நர்சிங் படித்த எனக்கு உயிரியல் ஏன்" என்று நேரடியாகப் போடும் மனு நிற்பது கடினம். இதைச் சொல்லும்போது எனக்கே கஷ்டமாகத்தான் இருக்கிறது. ஆனால் பொய்யான நம்பிக்கையைக் கொடுத்து ஒரு குடும்பத்தை வக்கீல் செலவுக்குள் இழுத்துவிடுவது அதைவிடக் கொடுமை.

அதே பாடத்தை எங்கே, எப்படிப் படித்தாய் என்று விதி கேட்கும்போது கதை மாறுகிறது. பாடம் இருந்தும், திறந்தநிலைப் பள்ளியில் (தினமும் வகுப்புக்குப் போகாமலே படித்துத் தேர்வு எழுதும் முறை) படித்தவர், தனித்தேர்வர், உயிரியலைக் கூடுதல் பாடமாக எழுதியவர் என்றெல்லாம் சொல்லி முன்பு நீட் விதி சிலரை ஒதுக்கியது. 2018 மே 11 அன்று டெல்லி உயர்நீதிமன்றம் அந்த வரிகளை ரத்து செய்தது. அதே தீர்ப்பில் வயது வரம்பைச் செல்லும் என்றது என்பதையும் கவனிக்க வேண்டும். அரசு அங்கீகரித்த ஒரு போர்டு தேர்வு வைத்துச் சான்றிதழ் கொடுத்த பிறகு, அது எந்த வழியில் வந்தது என்று பார்த்து மாணவரை விலக்க நியாயமான அடிப்படை இல்லை. 2023 நவம்பரில், மருத்துவக் கவுன்சிலின் இடத்தில் வந்த தேசிய மருத்துவ ஆணையமும் இறங்கி வந்து, பன்னிரண்டாம் வகுப்பு முடித்த பிறகு இயற்பியல், வேதியியல், உயிரியலை அங்கீகரிக்கப்பட்ட போர்டில் கூடுதல் பாடமாக எழுதித் தேறியவரும் நீட் எழுதலாம் என்று அறிவித்தது.

தொழிற்கல்வி மாணவருக்கு இது எவ்வளவு பெரிய கதவு என்பது பல பள்ளிகளுக்கே இன்னும் தெரியவில்லை. இதைப் பெற்றுத் தந்தவர்கள் "எனக்குப் பாடமே வேண்டாம்" என்று கேட்டவர்கள் இல்லை. "பாடத்தை நான் படித்துவிட்டேன், என் வழியைக் காரணம் காட்டாதே" என்று கேட்டவர்கள்.

ஒதுக்கீடு கேட்கும் வழக்குகளிலும் இதே போன்ற ஒரு நுணுக்கம் இருக்கிறது. 2017 ஜூனில் மருத்துவ இடங்களில் 85 சதவீதத்தை மாநிலப் பாடத்திட்ட மாணவருக்கு ஒதுக்கித் தமிழ்நாடு அரசாணை போட்டது. ஜூலையிலேயே உயர்நீதிமன்றம் அதை ரத்து செய்தது. போர்டை மட்டும் வைத்துப் பிரித்ததை ஏற்கவில்லை. 2020இல் அரசுப் பள்ளி மாணவருக்கு 7.5 சதவீத உள் ஒதுக்கீடு வந்தது. இந்த முறை ஓய்வுபெற்ற நீதிபதி பொ. கலையரசன் தலைமையிலான ஆணையம் விவரங்களைத் திரட்டி, அந்த மாணவர்களின் சமூக, பொருளாதாரப் பின்தங்கலைக் காட்டியிருந்தது. 2022 ஏப்ரலில் உயர்நீதிமன்றம் அதை ஏற்றது. பொறியியலுக்கும் இதே 7.5 சதவீதம் தனிச் சட்டமாக வந்தது, அரசுப் பள்ளியில் வொகேஷனல் குரூப் படித்தவர்களுக்கும் அதில் இடம் உண்டு. தொழிற்கல்வி மாணவருக்கு என்று நாளை யாராவது தனிச் சலுகை கேட்டால், முதலில் தேவைப்படுவது இப்படி ஓர் ஆய்வு. அந்தப் பிரிவில் யார் படிக்கிறார்கள், எந்த வீட்டிலிருந்து வருகிறார்கள், படித்து எங்கே போகிறார்கள் என்ற கணக்கு கையில் இல்லாமல் வாதம் நிற்காது.

மூன்றாவது கேள்வி, விதி எப்போது மாறியது. நடுவழியில் மாறிய விதியைப் பற்றிச் சொல்லக் கேரளத்தை விடப் பொருத்தமான இடம் இல்லை.

அங்கே பொறியியல் சேர்க்கைக்கு கீம் என்ற நுழைவுத் தேர்வு நடக்கிறது. நுழைவுத் தேர்வு மதிப்பெண் பாதி, பிளஸ் டூவில் கணிதம், இயற்பியல், வேதியியல் மதிப்பெண் பாதி. பிளஸ் டூவின் மூன்று பாடங்களுக்கும் சமமான எடை என்பது பழைய முறை. இதில் மதிப்பெண்ணைச் சமப்படுத்தும் கணக்கில் சி.பி.எஸ்.இ. மாணவரோடு ஒப்பிடும்போது மாநிலப் பாடத்திட்ட மாணவர் மதிப்பெண் இழக்கிறார் என்ற மனக்குறை பல ஆண்டுகளாக இருந்தது. மனக்குறையில் நியாயமும் இருந்தது. அரசு அதைச் சரிசெய்ய நினைத்து, சமப்படுத்தும் முறையை மாற்றி, கணிதம், இயற்பியல், வேதியியலுக்கு 5:3:2 என்ற எடையைக் கொண்டுவந்தது. மாற்றிய நாள் 2025 ஜூலை 1. தரவரிசை வெளியான நாளும் அதுவே. தேர்வு எழுதியாயிற்று, மதிப்பெண் வந்தாயிற்று, பட்டியல் வெளியாகச் சற்று நேரம் முன்பு கணக்கு மாறியது.

ஜூலை 9 அன்று கேரள உயர்நீதிமன்றத்தின் தனி நீதிபதி அதை ரத்து செய்தார். தேவைப்பட்டால் விதியை மாற்றலாம் என்று சேர்க்கைக் கையேட்டில் ஒரு வரி இருந்ததை அரசு காட்டியது. அந்த வரி இந்தக் கட்டத்தில் மாற்ற அனுமதி தராது என்றது நீதிமன்றம். மறுநாள் மேல்முறையீடும் தள்ளுபடியானது, பழைய கணக்கில் புதிய பட்டியல் வந்தது. ஜூலை 1 பட்டியலில் மேலே இருந்த பல மாநிலப் பாடத்திட்டப் பிள்ளைகள் ஒரே இரவில் கீழே போனார்கள். அவர்களில் சிலர் உச்ச நீதிமன்றம் போனார்கள். அந்த ஆண்டுச் சேர்க்கையில் தலையிட முடியாது என்று ஜூலை 16 அன்று பதில் வந்தது.

எனக்கு இதில் அரசின் மேல்தான் வருத்தம். குறை உண்மையானது, தீர்வும் யோசித்தது. ஆறு மாதம் முன்னால் கையேட்டிலேயே அச்சிட்டிருந்தால், நடுவழியில் மாற்றினார்கள் என்ற வாதத்துக்கே இடமிருந்திருக்காது. நேரம் தவறியதால், யாருக்காகக் கொண்டுவந்தார்களோ அந்தப் பிள்ளைகளே அதிகம் அடிபட்டார்கள்.

இனி நடைமுறை. விதியை எதிர்ப்பதற்கு உயர்நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு, அதாவது அரசு அமைப்புக்கு நேரடியாக உத்தரவிடக் கோரும் மனு, போட வேண்டும். தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை இருக்கிறது. மாணவருக்கு 18 வயது ஆகவில்லையென்றால் தாயோ தந்தையோ காப்பாளராக நின்று மனு போடலாம். பணம் இல்லையே என்று தயங்குபவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும்: 1987ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டப்படி பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதி, பழங்குடியினர் ஆகியோர் வருமானம் எவ்வளவாக இருந்தாலும் இலவச சட்ட உதவிக்கு உரியவர்கள். மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே அந்த அலுவலகம் இருக்கும்.

எல்லாவற்றையும்விட முக்கியம் நாள். தகுதி விதி பிடிக்கவில்லையென்றால் விண்ணப்பம் திறந்த உடனே போக வேண்டும். தேர்வில் கலந்துகொண்டு, பட்டியலில் பெயர் வராத பிறகு "விதியே தப்பு" என்று போனால், தெரிந்துதானே எழுதினாய் என்று நீதிமன்றம் திருப்பிக் கேட்கும். பல நல்ல வழக்குகள் இந்த ஒரு கேள்வியில் செத்துப்போகின்றன. உடனே வந்தவருக்கு நீதிமன்றம் இரங்கவும் செய்யும். தன் தவறு எதுவும் இல்லாமல் தகுதி இருந்தும் எம்.பி.பி.எஸ். இடம் மறுக்கப்பட்ட மாணவர் காலதாமதம் செய்யாமல் வந்திருந்தால், கடைசித் தேதி தாண்டியிருந்தாலும் அரிதான வழக்குகளில் இடம் தரச் சொல்லலாம், அடுத்த ஆண்டுச் சேர்க்கையிலும் தரச் சொல்லலாம் என்று 2019 டிசம்பரில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்திருக்கிறது.

எந்த ஊர் நீதிமன்றம் என்பதும் சிலருக்குக் குழப்பமாக இருக்கும். 2024இல் உத்தரப் பிரதேசத்துக் கூலித் தொழிலாளி ஒருவரின் மகன், ஜார்க்கண்டில் இருக்கும் ஐ.ஐ.டி. தன்பாத்தில் கிடைத்த இடத்துக்கு 17,500 ரூபாயைச் சில நிமிடம் தாமதமாகக் கட்டப் போய் இடத்தை இழந்தார். அந்த ஆண்டு தேர்வை நடத்தியது ஐ.ஐ.டி. மெட்ராஸ் என்பதால் அவர் சென்னை உயர்நீதிமன்றம் வரை வந்து, அங்கிருந்து உச்ச நீதிமன்றம் போய், செப்டம்பர் 30 அன்று இடத்தைத் திரும்பப் பெற்றார். தேர்வை நடத்தும் அமைப்பு எங்கே இருக்கிறது என்பதையும் வக்கீலிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

எங்கள் தெருப் பெண் வழக்குக்குப் போகவில்லை. 2023 அறிவிப்பை அச்செடுத்து அவள் கையில் கொடுத்தேன். திறந்தநிலைப் பள்ளியில் மூன்று பாடங்களுக்கும் பதிவு செய்துவிட்டாள். ஒரு நீலக் கோப்பில் பன்னிரண்டாம் வகுப்பு மார்க் ஷீட், திறந்தநிலைப் பள்ளிப் பதிவு ரசீது, அந்த அறிவிப்பு, அதோடு நீட் தகவல் கையேட்டின் முழுப் பிரதி என்று அடுக்கி வைத்திருக்கிறாள். கையேடு வெளியாகும் முதல் நாளே இறக்கி, தேதி தெரியும்படி அச்செடுத்து வை என்று சொல்லியிருக்கிறேன். பிறகு ஏதாவது வரி மாறினால், முன்பு என்ன இருந்தது என்பதற்கு அவள் கையில் இருக்கும் சான்று அந்தக் காகிதம்தான்.